அச்சாகாத தாளில் எழுதியது

எங்கள் துறையில் பதவி உயர்வு ஆணையை வெள்ளிக்கிழமை மாலை, அலுவலகம் முடியப் பத்து நிமிடம் இருக்கும்போதுதான் பலகையில் ஒட்டுவார்கள். வயிறு எரிகிறவர்கள் சனி, ஞாயிறு இரண்டு நாளும் வீட்டில் எரிந்து முடித்துவிடலாம், திங்கட்கிழமை வரும்போது வாயைத் திறக்கத் தெம்பு இருக்காது என்பது மேலிடத்துக் கணக்கு. இருபத்திரண்டு வருடமாக அந்த ஆணைகளைத் தட்டச்சு செய்து, கையெழுத்து வாங்கி, நான்கு மூலையிலும் குண்டூசி குத்துகிறவன் நான். பணியமைப்புப் பிரிவில் எழுத்தர். ஆணையில் யார் பெயர் வந்தாலும் என் முகத்தில் ஒன்றும் தெரியாது. அந்தக் கலையைத்தான் இத்தனை வருடத்தில் நான் கற்றுக்கொண்டிருக்கிறேன்.

அந்த வெள்ளிக்கிழமை ஒட்டிய தாளில் ஒரே ஒரு பெயர். எங்கள் நிலஅளவைத் துறையில் உதவி இயக்குநர் இடம் ஒன்று காலியாகியிருந்தது. பணிமூப்பில் முதலாவதாக இருந்தவள் என் அக்கா. ஒரே வயிற்றில் பிறந்தவள், என்னைவிட ஏழு வயது மூத்தவள். தாளில் இருந்ததோ நான்காவதாக இருந்தவரின் பெயர்.

அவரை அலுவலகத்தில் பூங்கொத்து என்போம். புது அதிகாரி வந்தாலும், பழைய அதிகாரி போனாலும், அதிகாரியின் பேத்திக்குப் பல் முளைத்தாலும் வாசலில் முதல் பூங்கொத்தோடு நிற்பவர் அவர்தான். பத்தொன்பது வருடப் பணியில் ஒரு எல்லைக் கல்லையும் அவர் கையால் தொட்டதில்லை. வடக்கு எந்தப் பக்கம் என்று கேட்டால் இயக்குநர் அறை இருக்கும் பக்கத்தைக் காட்டுவார்.

என் அக்காவுக்கும் ஒரு பட்டப்பெயர் உண்டு. சங்கிலி. இரும்புச் சங்கிலியைப் போட்டு நிலம் அளந்த காலத்தில் வேலைக்கு வந்தவள். பிறகு முக்காலியில் வைக்கும் கருவிகள் வந்தன, திரையில் புள்ளி காட்டும் கருவிகள் வந்தன. எல்லாவற்றையும் இளசுகளைவிடச் சீக்கிரம் பழகிக்கொண்டாள். பெயர் மட்டும் மாறவில்லை. பிடித்தால் விடமாட்டாள் என்பதும் அந்தப் பெயரில் சேர்ந்துகொண்டது.

பணிமூப்பில் இரண்டாவது, மூன்றாவது இடத்தில் இருந்தவர்களைப் பற்றி ஒரு வரி சொன்னால் போதும். இருவரும் பூங்கொத்துக்குக் கைகொடுக்கப் போனார்கள், அவரே வாங்கி வைத்திருந்த இனிப்பைத் தின்றுவிட்டுத் திரும்பி வந்தார்கள்.

ஏன் இப்படி நடந்தது என்று எனக்குத் தெரியும். ஆறு வருடத்துக்கு முன், இப்போதைய இயக்குநர் அக்காவின் நேர் மேலதிகாரியாக இருந்தார். ஒரு கிடங்கு முதலாளி பக்கத்துப் பள்ளிக்கூடத்தின் விளையாட்டு மைதானத்துக்குள் நான்கு மீட்டர் தள்ளிச் சுவர் எழுப்பியிருந்தார். சுவர் இருக்கிற இடத்திலேயே எல்லைக் கோட்டைப் போட்டுவிடும்படி அதிகாரி சொன்னார். அக்கா கோடு எங்கே இருந்ததோ அங்கே போட்டாள். வரைபடம் சுவரிலிருந்து கிடங்குப் பக்கமாக நான்கு மீட்டர் தள்ளி எல்லையைக் காட்டியது. அவர் படத்தைப் பார்க்காமலே ஒப்புக் கையெழுத்துப் போட்டுவிட்டார், ஏனென்றால் அவர் எந்தப் படத்தையும் பார்ப்பதில்லை. சுவர் இடிக்கப்பட்ட அன்றுதான் தான் எதில் கையெழுத்துப் போட்டோம் என்று அவருக்குத் தெரிந்தது.

ஒவ்வொரு ஊழியரைப் பற்றியும் மேலதிகாரி வருடம் ஒரு ரகசிய அறிக்கை எழுதவேண்டும். அந்த வருடம் அக்காவைப் பற்றி அவர் எழுதவில்லை. அதைக் கோபம் என்று நினைத்தால் அவரை உயர்த்திச் சொன்னதாகிவிடும். அந்த வருடம் அவர் பதினேழு பேருக்கு எழுதவில்லை. வெறும் சோம்பல். கோப்பில் அந்த வருடத்து இடம் காலியாகவே கிடந்தது. கோப்பைப் பராமரிக்கிறவன் என்பதால் அது எனக்குத் தெரியும்.

நெருங்கிய உறவினரின் கோப்பை நான் தொடக்கூடாது என்று விதி இருக்கிறது. இயக்குநரிடம் அதைச் சொன்னேன். "உங்க அக்கா ஃபைல்தானே, உங்ககிட்ட இருந்தா வீட்டுக்குள்ள இருக்கற மாதிரி" என்று சிரித்தார். என்னை நம்பி அவர் அப்படிச் சொல்லவில்லை. அடுத்த வருடம் என் பெயரும் கண்காணிப்பாளர் பதவிக்கு வரவிருந்தது. அந்தக் கயிறு தன் கையில் இருக்கிறது என்பதால் சொன்னார்.

தேர்வுக் குழு கூடுவதற்கு முந்தைய வாரம் அறைக்குக் கூப்பிட்டு, வெற்று ரகசிய அறிக்கைப் படிவம் ஒன்று கொண்டுவரச் சொன்னார். எதற்கு என்று நான் கேட்கவில்லை. அலமாரியைத் திறந்து மேலே இருந்ததை எடுத்துக் கொடுத்தேன். மறுநாள் அது ஆறு வருடத்துக்கு முந்தைய தேதியோடு, அக்காவின் பெயரோடு, 'சராசரி. மேலதிகாரிகளுடன் ஒத்துழைப்புக் குறைவு' என்ற இரண்டு வரிகளோடு என் மேசைக்குத் திரும்பி வந்தது. காலி இடத்தில் வைத்து, பக்க எண் நாற்பத்தேழு என்று எழுதினேன். என் கையெழுத்து அழகாக இருக்கும் என்று எல்லோரும் சொல்வார்கள்.

திங்கட்கிழமை அக்கா வந்து பலகையை நின்று படித்தாள். பிறகு என் மேசைக்கு வந்து, காரணம் கேட்டு ஒரு மனு கொடுத்தாள், நகலில் வரவு முத்திரை போடச் சொல்லி வாங்கிக்கொண்டாள். மூன்று வாரம் கழித்துப் பதில் போனது. தேர்வுக் குழுவின் முடிவு இறுதியானது என்று ஒரே வரி. அதையும் தட்டச்சு செய்தவன் நான்தான்.

அவள் நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போகப்போகிறாள் என்று தெரிந்ததும் அவள் வீட்டுக்குப் போய் அறிவுரை சொன்னேன். இன்னும் நான்கு வருடப் பணிதான் இருக்கிறது, துறையோடு மோதினால் ஓய்வூதியக் கோப்பில் கைவைப்பார்கள், வேறு ஊருக்குத் தூக்கியடிப்பார்கள் என்று எனக்குத் தெரிந்த பூச்சாண்டியையெல்லாம் காட்டினேன். அத்தான் ஒரு கல்லூரியின் வேதியியல் ஆய்வுக்கூடத்தில் உதவியாளர். குழாய்களைத் துடைத்துத் துடைத்து நிதானம் பழகியவர். நான் பேசி முடிக்கும்வரை கேட்டுக்கொண்டிருந்துவிட்டு அக்காவைப் பார்த்துச் சொன்னார்:

"கேஸ் போட்டாலும் உனக்கு பிரஷர் ஏறும். போடலைன்னாலும் ஏறும். போட்டுடு."

அவள் போட்டாள். இரண்டாம் வாரமே மலையடிவாரத்தில் இருந்த ஒரு கிளை அலுவலகத்துக்கு அவளை மாற்றினார்கள். போக இரண்டரை மணி நேரம், வர இரண்டரை மணி நேரம். 'நிர்வாக நலன் கருதி' என்று ஆணையில் இருந்தது. எங்கள் துறையில் யாரையாவது கழுத்தைப் பிடித்துத் தள்ளும்போதெல்லாம் நிர்வாகத்துக்கு நலம் ஏற்படும். அக்கா விடியற்காலைப் பேருந்தில் போய், இருட்டும் நேரத்துக்கு வந்து, விடுப்பு நாளில் வழக்கறிஞரைப் பார்த்தாள். வழக்கறிஞர் மெல்லிய குரலில் பேசும் ஒரு பெண். அவர் பேசினால் நீதிபதிகள் முன்னால் குனிந்து கேட்பார்கள், அரசு வழக்கறிஞர் கத்தினால் பின்னால் சாய்வார்கள்.

முதல் ஒரு வருடம் வாய்தாவிலேயே போனது. அரசு வழக்கறிஞருக்கு முதுகுவலி, கோப்பு வரவில்லை, கோப்பு வந்தது ஆனால் அவர் படிக்கவில்லை, படித்தார் ஆனால் முதுகுவலி. கடைசியில் தீர்ப்பாயம் கெடு வைத்தபிறகு துறை பதில்மனு தாக்கல் செய்தது. கடந்த ஏழு வருட அறிக்கைகளைப் பார்த்ததில் ஒரு வருடம் 'சராசரி' என்று இருப்பதால் மனுதாரர் தகுதி பெறவில்லை என்று அதில் சொல்லியிருந்தது. ஆதாரமாக ஏழு அறிக்கைகளின் நகலையும் இணைக்கவேண்டும்.

நகல் எடுக்க உட்கார்ந்தபோதுதான் பூங்கொத்து வந்து என் தோள் மேலாகக் குனிந்து பார்த்தார். தன் நாற்காலிக்கு ஆபத்து என்றால் அந்த மனிதருக்குக் கண் தெரியும். அரசுப் படிவங்களின் அடியில், கட்டத்துக்கு வெளியே, பொடி எழுத்தில் ஒரு வரி இருக்கும். எந்த அச்சகம், எத்தனை பிரதி, எந்த மாதம், எந்த வருடம். யாரும் படிக்காத வரி. நாற்பத்தேழாம் பக்கத்தின் அடியில் இருந்த வருடம், அறிக்கையின் தேதிக்கு இரண்டு வருடம் பிந்தையது. சுவர் இடித்த வருடம் எழுதியதாகச் சொல்லும் அறிக்கை, அதற்கு இரண்டு வருடம் கழித்து அச்சான தாளில் இருந்தது. ஒரு பழைய படிவத்தைத் தேடி எடுக்கும் அளவுக்குக்கூட இயக்குநருக்கும் உடம்பு வணங்கவில்லை, எனக்கும் வணங்கவில்லை.

பூங்கொத்து உள்ளே ஓடினார். பத்து நிமிடத்தில் எனக்கு அழைப்பு வந்தது. இயக்குநர் என்னைப் பார்க்காமல் ஜன்னலைப் பார்த்துச் சொன்னார்.

"தாளுக்கு அடியில ஏதோ அழுக்கு இருக்கு போல. அது விழாம எடுங்க."

"சரிங்க சார்" என்றேன்.

நகல் இயந்திரத்தின் கண்ணாடியில் அந்தத் தாளை மட்டும் ஒன்றரை சென்டிமீட்டர் கீழே இறக்கி வைத்தேன். பொடி வரி கண்ணாடிக்கு வெளியே போய்விட்டது. எடுத்த நகலைப் பார்த்தேன், நன்றாக வந்திருந்தது. மற்ற ஆறோடு சேர்த்துப் பின் அடித்தேன். எனக்கு அப்போது ஒன்றும் தோன்றவில்லை என்று சொல்லத்தான் ஆசை. ஆனால் தோன்றியது. கண்காணிப்பாளர் அறையில் சுழல் நாற்காலி இருக்கும் என்பதுதான் தோன்றியது.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை காலை அக்கா எங்கள் வீட்டுக்கு வந்தாள். வழக்குப் போட்டபிறகு அதுதான் முதல் தடவை. சாப்பாட்டு மேசையில் இருந்த தட்டுகளை ஒதுக்கிவிட்டு ஏழு நகல்களையும் வரிசையாகப் பரப்பினாள். பையிலிருந்து எஃகு அளவுகோலை எடுத்தாள். என் மனைவி காபியோடு வந்தவள் அப்படியே நின்றுவிட்டாள்.

ஒவ்வொரு தாளிலும் மேல் விளிம்பிலிருந்து கட்டத்தின் முதல் கோடு வரை அக்கா அளந்தாள். ஆறு தாளில் இரண்டே கால் சென்டிமீட்டர். ஏழாவதில் மூன்றே முக்கால். அதன் அடிக்கோடு தாளின் ஓரத்தைத் தொட்டுக்கொண்டிருந்தது.

"ஒன்றரை கீழ இறங்கியிருக்கு" என்றாள். "மத்த ஆறுலயும் அடியில அச்சக வரி இருக்கு. இதுல இல்ல."

நான் மேசையைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"எல்லாரும் இடது மூலையில பின் அடிப்பாங்க. வலது மூலையில அடிக்கற இடதுகைக்காரன் அந்த ஆபீஸ்ல ஒருத்தன்தான்டா இருக்கான்."

"மேல சொன்னாங்கக்கா" என்றேன்.

"அதை நான் கேக்கல. ஒரிஜினல் ஃபைல்ல இருக்கா, இல்லையா? அதை மட்டும் சொல்லு."

பேசினால் என் வேலை, பேசாவிட்டால் அவள் வழக்கு. இரண்டையும் தராசில் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தேன், அதுவும் அவள் முகத்துக்கு நேராகவே. என் மனைவி காபியை மேசையில் வைத்தாள்.

"நீங்க சொல்றீங்களா, நான் சொல்லட்டுமா?" என்றாள் என்னிடம். நான் வாயைத் திறக்காததால் அக்காவின் பக்கம் திரும்பினாள். "இருக்குக்கா. பக்கம் நாப்பத்தேழு. ஒரு வாரமா தூக்கத்துல அந்த நம்பரைத்தான் சொல்லிட்டிருக்காரு."

அக்கா தாள்களை அடுக்கி உறைக்குள் வைத்தாள். காபியைக் குடித்தாள். அளவுகோலைத் துடைத்துப் பைக்குள் போட்டுக்கொண்டே சொன்னாள்:

"பயப்படாத. உன்னை சாட்சிக்குக் கூப்பிட மாட்டேன். தம்பிங்கறதுக்காக இல்ல. அங்க ஏறினாலும் 'மேல சொன்னாங்க'ன்னுதான் சொல்லுவ. எனக்குக் காகிதம் போதும்."

அவள் போனபிறகு என் மனைவி அன்று முழுக்க என்னோடு பேசவில்லை. பாத்திரங்கள்தான் பேசின.

அக்காவின் வழக்கறிஞர் மூலக் கோப்பைப் பார்க்கவேண்டும் என்று மனுப் போட்டார். அரசு வழக்கறிஞர் அது ரகசியக் கோப்பு, தேசமே ஆடிப்போகும் என்ற அளவுக்கு எதிர்த்தார். நிலஅளவையாளர் ஒருவரின் வருடாந்திர அறிக்கையில் தேசத்துக்கு என்ன ரகசியம் என்று தீர்ப்பாயம் கேட்டது. கோப்பை வியாழக்கிழமை காலை நேரில் கொண்டுவர உத்தரவாயிற்று. கொண்டுபோகவேண்டியவன் நான்.

புதன்கிழமை மதியம் சாப்பாட்டுக்குப் பிறகு இயக்குநர் அழைத்தார். பூங்கொத்தும் உள்ளே இருந்தார். உதவி இயக்குநராகி ஒன்றரை வருடம் ஆகியும் அந்த அறையில் அவர் உட்கார்ந்து நான் பார்த்ததில்லை. சுவரோரமாக, கையை முன்னால் கட்டிக்கொண்டு நின்றார்.

"நம்ம ரெக்கார்டு ரூம் மழைக்கு ஒழுகும் இல்ல?" என்றார் இயக்குநர்.

"ஒழுகும் சார்."

"ஃபைல்ல ஒண்ணு ரெண்டு பக்கம் நனைஞ்சு வீணாப் போயிருக்கலாம்."

"போயிருக்கலாம் சார்."

"அப்படிப் போயிருந்தா யாரும் ஒண்ணும் சொல்ல முடியாது."

எனக்குப் புரிந்துவிட்டது. கோப்பின் ஒவ்வொரு பக்கத்திலும் எண் என் கையெழுத்தில் இருக்கிறது, பொருளடக்கத்தில் நாற்பத்தேழு என்று எழுதிக் கையொப்பம் இட்டிருப்பவனும் நானே. பக்கம் காணாமல் போனால் இயக்குநரை யாரும் கேட்கமாட்டார்கள். என் பணிக்காலத்தில் மேலிடத்துக்கு நான் சொன்ன முதல் மறுப்பு இதுதான்:

"செஞ்சிடலாம் சார். எந்தப் பக்கம் நனைஞ்சதுன்னு நீங்க ஒரு குறிப்பு எழுதிக் கையெழுத்துப் போட்டுக் குடுத்துட்டீங்கன்னா, கோப்புல வச்சுடுவேன்."

குறிப்பெல்லாம் எதற்கு, நமக்குள் இருக்கிற விஷயம்தானே என்று பூங்கொத்து இழுத்தார். இயக்குநர் அவரைக் கையால் அடக்கினார். பிறகு என்னைப் பார்த்தார். அத்தனை வருடத்தில் அவர் என் முகத்தை நேராகப் பார்த்தது அன்றைக்குத்தான்.

"போங்க" என்றார்.

வியாழக்கிழமை தீர்ப்பாயத்தில் இரண்டு நீதிபதிகள். தலைமை வகித்தவர் வயதான அம்மையார், கண்ணாடியைக் கழுத்துச் சரட்டில் தொங்கவிட்டிருப்பார். அக்கா கடைசி வரிசையில் அத்தானோடு உட்கார்ந்திருந்தாள். விடுப்பு எடுத்துக்கொண்டு வந்திருந்தாலும் களப்பணிக்குப் போடும் கனத்த காலணியோடுதான் இருந்தாள். நான் கோப்பை நீதிமன்ற அலுவலரிடம் கொடுத்துவிட்டுத் தூணுக்குப் பக்கத்தில் நின்றேன்.

நீதிபதி அம்மையார் நாற்பத்தேழாம் பக்கத்தைப் பிரித்தார். நகலைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு தாளின் அடிப்பக்கத்தை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தார். பொடி வரியை வாய்விட்டுப் படித்தார். இயக்குநரை முன்னால் வரச் சொன்னார்.

"இந்த அறிக்கையை நீங்கதான் எழுதினீங்களா?"

"ஆமாங்க."

"இதுல இருக்கற தேதியிலயே?"

"ஆமாங்க."

"அந்தத் தேதியில இந்தத் தாள் அச்சாகவே இல்லையே. அச்சாகாத தாள்ல எப்படிங்க எழுதினீங்க?"

அரசு வழக்கறிஞர் எழுந்தார். அலுவலகங்களில் பழைய படிவங்களைப் பயன்படுத்துவது வழக்கம்தான் என்றார். பழைய படிவத்தைப் புது வருடத்தில் பயன்படுத்தலாம், புதுப் படிவத்தைப் பழைய வருடத்தில் எப்படிப் பயன்படுத்துவது என்று இரண்டாவது நீதிபதி கேட்டார். வழக்கறிஞர் முதுகைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார். நகலில் அந்த வரி எப்படி விடுபட்டது என்று அம்மையார் கேட்டபோது, கீழ்நிலை எழுத்தரின் கவனக்குறைவு என்று இயக்குநர் ஒரு கணமும் யோசிக்காமல் சொன்னார். நான் தூணோடு தூணாக நின்றேன். அக்கா திரும்பி என்னைப் பார்க்கவில்லை.

தீர்ப்பு ஒரு மாதத்தில் வந்தது. அத்தான் அதைச் சமையலறையில் நின்றுகொண்டு முழுக்க வாசித்துக் காட்டியதாக அக்காவின் மகள் சொன்னாள். பூங்கொத்தின் பதவி உயர்வு ரத்து. அந்த அறிக்கையை ஒதுக்கிவிட்டு எட்டு வாரத்துக்குள் மனுதாரரை மறுபரிசீலனை செய்யவேண்டும். எங்கள் துறை எட்டு வாரமும் கொட்டாவி விட்டது. பிறகு மேல்முறையீடு செய்தது, தோற்றது, மறுபடி கொட்டாவி விட்டது. பதினான்கு மாதம் கழித்துத் தேர்வுக் குழு கூடி, மனுதாரர் தகுதியானவரே, ஆனால் தற்போது காலியிடம் இல்லை என்று முடிவு செய்தது. காலியிடம் ஏன் இல்லை என்றால் பூங்கொத்து இன்னும் அதில் இருந்தார். ரத்தான ஆணையின்படி ஒரு மனிதர் தினமும் வந்து உட்கார்ந்து, வருகைப் பதிவேட்டில் கையெழுத்துப் போட்டு, காரில் போய்க்கொண்டிருந்தார்.

அக்கா நீதிமன்ற அவமதிப்பு மனுப் போட்டாள். எங்கள் துறைக்கு அவமதிக்கத்தான் தெரியும், அதற்குத் தண்டனை இருக்கிறது என்பது அப்போதுதான் தெரிந்தது. இயக்குநர் நேரில் வரவேண்டும், வந்து மன்னிப்புக் கேட்கவேண்டும் என்றதும் அவருக்கு உதறல் எடுத்தது. மன்னிப்பு வாக்குமூலத்தையும் என்னையே தட்டச்சு செய்யச் சொன்னார். 'வருந்துகிறேன்' என்று முதல் பிரதியில் இருந்தது. அதை அடித்துவிட்டு 'வருத்தம் தெரிவிக்கப்படுகிறது' என்று திருத்தினார். அப்படி எழுதினால் வருந்துகிறவர் யார் என்று ஒருத்தருக்கும் தெரியாது.

அம்மையார் அதைப் படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார்.

"இதுல வருந்தறது யாருங்க?"

இயக்குநர் வாயசைத்தார். கேட்கவில்லை என்றார் அம்மையார்.

"நான்தாங்க" என்றார் இயக்குநர். அந்தக் கூடத்தில் இருந்த அத்தனை பேருக்கும் கேட்டது. வராந்தாவில் இருந்த இரண்டு கடைநிலை ஊழியர்கள் அதைக் கேட்பதற்கென்றே கதவருகே வந்து நின்றார்கள்.

மறுநாள் பகல் பதினொரு மணிக்கு ஆணை தயாரானது. வெள்ளிக்கிழமைவரை யாரும் காத்திருக்கவில்லை. அக்கா உதவி இயக்குநர், முன்தேதியிட்ட பணிமூப்போடு. அவளுக்கு அப்போது மிச்சம் இருந்த பணிக்காலம் ஏழு மாதம்.

யாருக்கு என்ன கேடு வந்தது என்று கேட்கிறவர்கள் இருப்பார்கள். இயக்குநரை இதைவிடப் பெரிய துறைக்கு மாற்றினார்கள், அங்கே அவருக்குத் தனி மின்தூக்கி இருக்கிறதாம். பூங்கொத்து பழைய பதவிக்கு இறக்கப்பட்டார், இரண்டே மாதத்தில் இயக்குநர் அவரைத் தன் புதுத் துறைக்கு அயற்பணியில் வரவழைத்துக்கொண்டார். போலி அறிக்கை பற்றித் துறை விசாரணைக்கு உத்தரவாயிற்று. அதற்கான கோப்பு என் மேசையில்தான் இருக்கிறது. அதில் இதுவரை விசாரணை அதிகாரியை நியமிக்கவேண்டும் என்று ஒரு குறிப்பும், அதை நினைவூட்டி நான்கு குறிப்புகளும் சேர்ந்திருக்கின்றன. கண்காணிப்பாளர் பதவி எனக்குக் கிடைக்கவில்லை. கவனக்குறைவு என்று பதிவாகியிருந்தது. அதை எதிர்த்து நான் எங்கேயும் போகவில்லை. அது பொய் என்று நிரூபிக்க வேண்டுமானால் கவனத்தோடுதான் செய்தேன் என்று சொல்லவேண்டியிருக்கும்.

அலுவலகத்தில் எனக்கு ஒரு புதுப் பெயர் கிளம்பியிருந்தது. இயக்குநரிடமே கையெழுத்துக் கேட்டவன் என்று. அந்தப் பக்கத்தைக் காப்பாற்றியது நான்தான், அக்காவுக்காக வேலையையே பணயம் வைத்தேன் என்று சாப்பாட்டு இடைவேளையில் பேசிக்கொண்டார்கள். நான் மறுக்கவில்லை. இரண்டு மூன்று தடவை கேட்டபிறகு எனக்கே நம்பிக்கை வந்துவிட்டது. ரொம்ப வருடம் கழித்து நெஞ்சை நிமிர்த்தி நடந்தேன்.

அக்கா பதவியேற்ற நான்காம் நாள், பதவியேற்பு அறிக்கையில் கையெழுத்து வாங்க அவள் அறைக்குப் போனேன். மேசை நிறைய எல்லைத் தகராறு மனுக்கள். பூங்கொத்து மூன்று வருடமாகத் தொடாமல் அடுக்கி வைத்திருந்தவை. அவற்றை ஊர்வாரியாகப் பிரித்துக்கொண்டிருந்தாள். கையெழுத்துப் போட்டுவிட்டு உட்காரச் சொன்னாள்.

"வெளிய எல்லாரும் உன்னைப் பத்தி நல்லா பேசறாங்க போல."

நான் அடக்கமாகச் சிரித்தேன்.

"நீ ஏன் அந்தப் பக்கத்தைக் கிழிக்கலைன்னு எனக்குத் தெரியும்டா."

"ஏன்க்கா?"

"கிழிச்சா நீ மாட்டியிருப்ப."

அவள் குரலில் கோபம் இல்லை. கோபம் இருந்திருந்தால் பதில் சொல்லியிருப்பேன். நிலத்தில் நின்று ஒரு தூரத்தைப் படித்துச் சொல்வதுபோலச் சொன்னாள். இல்லை அக்கா, உனக்காகத்தான் என்று சொல்ல வாயெடுத்தேன். அவள் என்னைப் பார்த்துக்கொண்டிருந்ததால் அந்தச் சொல் வெளியே வரவில்லை.

"அதனால ஒண்ணுமில்ல" என்றாள் அவளே. "எனக்குப் பக்கம் கிடைச்சுது. போய் வேலையைப் பாரு."

ஓட்டுநர் வந்து வண்டி தயார் என்றார். அவள் மனுக்கட்டில் மேலே இருந்ததை எடுத்துக்கொண்டு கிளம்பினாள். ஏழு மாதத்தில் அந்தக் கட்டு முழுவதையும் முடித்தாள். தினமும் களத்தில் வெயிலில் நின்றாள். முடியாத இரண்டு தகராறுகளுக்குக் காரணம் எழுதி வைத்துவிட்டுத்தான் ஓய்வு பெற்றாள்.

இப்போதும் அவள் எங்கள் வீட்டுக்கு வருகிறாள். என் மனைவியோடு மணிக்கணக்கில் பேசுகிறாள், இருவரும் சேர்ந்து சந்தைக்குப் போகிறார்கள், எதையோ சொல்லிச் சிரிக்கிறார்கள். என்னைப் பார்த்தால் சாப்பிட்டாயா என்று கேட்கிறாள், சாப்பிட்டேன் என்கிறேன். அதற்குமேல் அவள் மனதில் என்ன இருக்கிறது என்று நான் கேட்டதில்லை. கேட்டால் சொல்லிவிடுவாள்.